குற்றமுள்ள கல்தான் கதைக்கு ஆகும்: வாசகர் கேள்வி பதில்

காலத்தைத் திருப்புகிற, நிறுத்துகிற, வளைக்கிற மாயக் கற்களைப் பற்றி மட்டும் இந்த முறை கேள்வி அனுப்பச் சொல்லியிருந்தோம். வந்த கடிதங்களைப் பார்த்தால் பாதிப் பேர் நாவல் எழுதிக்கொண்டிருக்கிறார்கள், மீதிப் பேர் கேம் ஆடிக்கொண்டிருக்கிறார்கள். ஜாதகத்தை இணைத்து ராசிக்கல் கேட்டவர்கள் மன்னிக்கவும், அது வேறு பக்கம்.

கே: மூன்று பாகமாக ஒரு மாயாஜால நாவல் எழுதுகிறேன். கதாநாயகியிடம் காலத்தைப் பின்னால் திருப்பும் படிகம் இருக்கிறது. முதல் பாகத்தைப் படித்த நண்பன், "அதான் கல்லு இருக்கே, அம்மா செத்ததும் திருப்பிட வேண்டியதுதானே, எதுக்கு எண்ணூறு பக்கம்?" என்று கேட்டுவிட்டான். என்ன செய்வது? (திண்டுக்கல்)

ப: நண்பனுக்கு ஒரு காபி வாங்கிக் கொடுங்கள். முப்பதாவது பக்கத்தில் எல்லா வாசகரும் கேட்கப்போகிற கேள்வியை அவர் காசு வாங்காமல் முன்கூட்டியே கேட்டிருக்கிறார். உங்கள் கல்லுக்கு என்னவெல்லாம் முடியும் என்று நாலு பக்கம் எழுதியிருக்கிறீர்கள், என்ன முடியாது என்று ஒரு வரிகூட இல்லை. கோளாறு அங்கேதான்.

இதை அழகாகச் செய்துகாட்டிய ஒரு உதாரணம் சொல்கிறேன். நின்டெண்டோ 2011ல் வெளியிட்ட ஸ்கைவர்ட் சுவார்ட், செல்டா வரிசையில் ஒரு கேம். அதில் லனாய்ரு என்று ஒரு பாலைவனம், அங்கங்கே நீலமும் ஊதாவும் கலந்த பெரிய கற்கள். வாளால் ஒரு தட்டுத் தட்டினால் போதும், கல்லைச் சுற்றி ஒரு வட்டத்துக்குள் மட்டும் காலம் பல நூற்றாண்டு பின்னால் போய்விடும். மணல் இருந்த இடத்தில் புல் முளைத்திருக்கும், துருப்பிடித்து மண்ணில் புதைந்து கிடந்த ரோபோக்கள் எழுந்து, நடுவில் ஒன்றுமே நடக்காத மாதிரி விட்ட வேலையைத் தொடரும், நம்மிடம் பேச்சுக் கொடுக்கும். கூடவே செத்துக் கிடந்த எதிரிகளும் எழுந்து அடிக்க வருவார்கள், அது தனி. வட்டத்துக்கு வெளியே ஒரு எட்டு வைத்தால் பழைய பாலைவனம், பழைய மணல்.

அப்புறம் மணற்கடல் ஒன்று வருகிறது. ஒரு காலத்தில் நிஜமாகவே கடலாக இருந்த இடம். படகின் முன்பக்கத்தில் ஒரு கல்லைப் பொருத்தியிருப்பார்கள். படகு போகப் போக அதைச் சுற்றி மட்டும் தண்ணீர் இருக்கும், திரும்பிப் பார்த்தால் கடந்து வந்த தண்ணீர் மறுபடி மணலாகிக்கொண்டிருக்கும். படகை ஓட்டுகிற ரோபோ கேப்டனுக்கும் அந்த வட்டத்துக்குள்தான் உயிர். கல்லின் வேலை முடிந்தால் அவர் வெறும் இரும்பு. நன்றாகப் பேசிப் பழகின ஒரு ஆளை இப்படிப் பார்க்கும்போது, யாரும் ஒரு வசனமும் பேசாமலே நமக்கு என்னவோ செய்கிறது.

உங்கள் கல்லுக்கும் இப்படி ஒரு வட்டம் போடுங்கள். அறை அளவுக்கு மட்டும் வேலை செய்யும் என்று வைக்கலாம். தொட்டவரின் ஆயுளுக்குள் மட்டும் பின்னால் போகும் என்று வைக்கலாம். கல் கடைசியாக வெயிலைப் பார்த்த நாளுக்கு முன்னால் போகாது என்றும் வைக்கலாம், இது எனக்கு ரொம்பப் பிடித்தது, ஏன் என்று கீழே இன்னொரு பதிலில் வருகிறது. அம்மா இறந்த இடம் கல் இருக்கும் குகையிலிருந்து நாற்பது காதம் தூரம், கல்லோ நாலு யானை இழுத்தாலும் நகராது. அதை அங்கே கொண்டுபோய்ச் சேர்ப்பதுதான் உங்கள் எண்ணூறு பக்கம்.

சிலப்பதிகாரத்தில் ஊர்காண் காதையைப் புரட்டிப் பாருங்கள். கோவலன் மதுரையில் ரத்தினக் கடைத்தெருவைச் சுற்றிப் பார்க்கும்போது, இளங்கோ கற்களை அவற்றுக்கு வரக்கூடிய குற்றங்களை வைத்துத்தான் அறிமுகப்படுத்துகிறார். வைரத்துக்குக் காகபாதம், களங்கம், விந்து, ஏகை என்று நாலு. காக்கைக் கால் மாதிரிக் கீறல், கறை, புள்ளி, கோடு. இந்த நாலும் இல்லாதது நல்ல வைரம். கடைத்தெருவுக்கு அது சரி. நாவலுக்கு நேர் தலைகீழ். உங்கள் கல்லில் காகபாதம் எங்கே இருக்கிறது என்று முதலில் முடிவு பண்ணிவிட்டு இரண்டாம் பாகத்தைத் தொடுங்கள்.

கே: மாயக்கல்லைப் பயன்படுத்தினால் "விலை" கொடுக்க வேண்டும் என்று எல்லாக் கதையிலும் வருகிறது. ஒரு தடவைக்கு ஒரு வருஷ ஆயுள், ஒரு சொட்டு ரத்தம்... அலுத்துவிட்டதே? (கோவை)

ப: எனக்கும் அலுத்துவிட்டது. ஆயுளில் ஒரு வருஷம் போகிறது என்றால் யாருக்கு வலிக்கிறது? ஹீரோவுக்கு இருபத்திரண்டு வயது, எழுபத்தாறில் சாக வேண்டியவர் எழுபத்தைந்தில் சாவார், கதை அதற்கு முன்பே முடிந்துவிடும். வாசகர் கண்ணெதிரே கழியாத விலை விலையே இல்லை.

ஸ்டார் ட்ரெக்: டிஸ்கவரி தொடரின் இரண்டாவது சீசனில், 2019ல், ஒரு எபிசோடு. போரெத் என்ற கிரகத்தில் கிளிங்கான்கள் என்ற வேற்றுக்கிரக இனத்தின் மடம், அங்கே காலப் படிகங்களைத் துறவிகள் காத்துவருகிறார்கள். விண்கலக் கேப்டன் பைக் ஒரு கல் வேண்டும் என்று போகிறார். தொட்டதும் தன் எதிர்காலத்தைப் பார்த்துவிடுகிறார்: ஒரு விபத்து, கதிர்வீச்சில் வெந்த உடம்பு, கடைசிவரை ஒரு நாற்காலிக்குள் அடைபட்ட வாழ்க்கை. கல்லை எடுத்துக்கொண்டு போனால் அந்த விதி உறுதியாகிவிடும், வைத்துவிட்டு வந்தால் தப்பிக்க வழி உண்டு என்று காவல் துறவி சொல்கிறார். பைக் எடுத்துக்கொள்கிறார்.

இதில் பழைய ரசிகர்களுக்கு மட்டும் ஒரு கூடுதல் அடி உண்டு. அந்த நாற்காலியை அவர்கள் 1966லேயே, முதல் தொடரில் பார்த்துவிட்டார்கள். பேச முடியாத பைக் அதில் உட்கார்ந்திருப்பார், ஆமாம் என்றால் விளக்கு ஒரு தடவை எரியும், இல்லை என்றால் இரண்டு தடவை. 53 வருஷம் கழித்து வந்த கதை, அது அவரே தெரிந்து ஒப்புக்கொண்ட முடிவு என்று மாற்றிவிட்டது. ரத்தமும் இல்லை, ஆயுள் கணக்கும் இல்லை. தனக்கு என்ன ஆகும் என்று தெரிந்துகொண்டு அடுத்த நாள் காலையில் வேலைக்குப் போக வேண்டும், அவ்வளவுதான் விலை. உங்களுக்குத் தேவையானது இந்த மாதிரி ஒன்று.

கே: இந்தக் கற்கள் எல்லாம் ஏன் நீலம், பச்சை, ஊதாவிலேயே ஒளிர்கின்றன? (நாகர்கோவில்)

ப: இருட்டுக் குகையில் மஞ்சளாக எரிந்தால் நாற்பது வாட் பல்பு என்று நினைத்துவிடுவோமே என்ற பயம்தான்.

கேலி இருக்கட்டும், நிறத்தை வைத்தே ஒரு விதி எழுதலாம். செவ்வந்திக்கல்லுக்கு ஊதா நிறம் வருவது உள்ளே இருக்கும் துளி இரும்பாலும், மண்ணுக்குள் பல காலம் பட்ட கதிர்வீச்சாலும். அதைச் சூடுபடுத்தினால் ஊதா போய் மஞ்சளாகிவிடும். சிட்ரின் என்று கடைகளில் விற்கிற மஞ்சள் கற்களில் நிறைய இப்படிச் சூடேற்றிய செவ்வந்திக்கல்தான். உங்கள் உலகத்தில் காலக்கல் புதிதாக இருக்கும்போது ஊதா, தீர்ந்தபின் மஞ்சள் என்று வைத்துக்கொண்டால், தீர்ந்த கல்லுக்குச் சாயம் ஏற்றி விற்கிற ஒரு வியாபாரி தானாகவே கதைக்குள் வந்து உட்கார்ந்துகொள்வார்.

கே: "விஞ்ஞானிகள் டைம் கிரிஸ்டலை உருவாக்கிவிட்டார்கள்" என்று செய்தி பார்த்தேன். நிஜமாகவே காலத்தை வளைக்குமா? (திருச்சி)

ப: வளைக்காது. ஆனால் விஷயம் புரளி இல்லை.

உப்பையோ கற்கண்டையோ எடுத்துக்கொள்ளுங்கள், உள்ளே அணுக்கள் இடத்தில் சீரான இடைவெளியில் திரும்பத் திரும்ப வருகின்றன, அதனால்தான் அது படிகம். அப்படி இடத்துக்குப் பதிலாகக் காலத்தில் திரும்பத் திரும்ப வருகிற ஒன்று இருக்க முடியுமா என்று 2012ல் கேட்டவர் ஃபிராங்க் வில்செக், 2004ல் இயற்பியல் நோபலைப் பகிர்ந்துகொண்டவர். அவர் முதலில் நினைத்த மாதிரி, சும்மா வைத்தாலே தானாக ஆடிக்கொண்டிருக்கிற பொருள் சாத்தியமில்லை என்று வதனாபே, ஓஷிகாவா என்ற இரண்டு ஜப்பானியர்கள் 2015ல் காட்டிவிட்டார்கள். சரி, சும்மா வைத்தால்தானே ஆடாது, வெளியிலிருந்து தட்டிக்கொண்டே இருந்தால்? அந்த வழியில் 2017ல் இரண்டு குழுக்கள் ஒரே சமயத்தில் முடிவு வெளியிட்டன. மேரிலாண்டில் கிறிஸ்டோபர் மன்றோ குழு இட்டர்பியம் என்ற உலோகத்தின் பத்து அயனிகளை (மின்னேற்றம் உள்ள அணுக்களை) வரிசையாக நிறுத்தி லேசரால் தட்டியது. ஹார்வர்டில் மிகைல் லூக்கின் குழு, நைட்ரஜன் கலந்த குறைபாடுகள் நிறைந்த வைரத்தில் மைக்ரோ அலையால் அதையே செய்தது. (குற்றமில்லாத வைரம் இங்கேயும் உதவாது, கவனித்தீர்களா!)

இதில் என்ன விசேஷம்? தூளியை ஆட்டும்போது ஒரு தள்ளுக்கு ஒரு ஆட்டம் வரும். இந்தப் பொருளோ இரண்டு தள்ளுக்கு ஒரு ஆட்டம்தான் ஆடும், தள்ளுகிறவர் கை கொஞ்சம் முன்பின் ஆனாலும் தன் தாளத்தை விடாது. அந்தப் பிடிவாதம்தான் டைம் கிரிஸ்டல். 2021ல் கூகுளின் குவாண்டம் கணினியில் 20 குவிபிட்களை (அந்தக் கணினியின் அடிப்படை அலகுகள்) வைத்து இதைச் செய்து காட்டினார்கள். 2024ல் ஜெர்மனியில் டார்ட்முண்ட் பல்கலைக்கழகக் குழு, ஒரு குறைக்கடத்திப் படிகத்தில் இதன் இன்னொரு வகை ஆட்டத்தைக் குறைந்தது 40 நிமிடம் நிற்காமல் பார்த்ததாக அறிவித்தது. இதை வைத்து நேற்றைக்குப் போக முடியாது, இலவச மின்சாரமும் எடுக்க முடியாது. தலைப்பு மட்டும் படித்தவர்கள் இரண்டையும் ஏற்கெனவே ஃபார்வர்டு பண்ணியாகிவிட்டது.

கே: அப்படியானால் நிஜக் கற்களுக்கும் காலத்துக்கும் ஒரு சம்பந்தமும் இல்லையா? (சிவகங்கை)

ப: சம்பந்தம் இருக்கிறது, கதைகளில் வருவதைவிட நெருக்கமாகவே.

வீட்டில் ஓடாத சுவர்க் கடிகாரம் இருந்தால் பின்னால் திறந்து பாருங்கள். சர்க்யூட் பலகையில் ஆறு மில்லிமீட்டர் நீளத்தில் ஒரு வெள்ளி நிறக் குழாய் இருக்கும். அதற்குள் இசைக்கவை வடிவத்தில் வெட்டிய குவார்ட்ஸ் துண்டு, அதாவது ஸ்படிக மாலையில் இருக்கிற அதே பொருள். மின்சாரம் பட்டால் விநாடிக்கு 32,768 தடவை அதிரும். அந்த எண்ணைப் பாதியாக்கிக்கொண்டே போனால் பதினைந்தாவது தடவையில் ஒன்று வரும், அந்த ஒன்றுதான் உங்கள் விநாடி முள். இதே குணத்தின் மறுபக்கத்தை, அதாவது அழுத்தினால் மின்சாரம் தருவதை, 1880ல் கண்டுபிடித்தவர்கள் ஜாக் கியூரியும் பியேர் கியூரியும், மேரி கியூரியின் மைத்துனரும் கணவரும். முதல் குவார்ட்ஸ் கைக்கடிகாரத்தை செய்கோ விற்பனைக்குக் கொண்டுவந்தது 1969 கிறிஸ்துமஸ் அன்று. உங்கள் கடிகாரத்தில் இருக்கிற துண்டு சுமார் 25 டிகிரிக்கு ஏற்ப வெட்டப்பட்டது, அதைவிடச் சூடானாலும் குளிர்ந்தாலும் மெதுவாகத்தான் ஓடும். ஆக, கத்திரி வெயிலில் உங்கள் கடிகாரம் நிஜமாகவே சற்றுப் பின்தங்குகிறது.

ஆனால் என்னைக் கேட்டால் காலக்கல் என்ற பட்டத்துக்கு உரியது மண்ணில் கிடக்கிற சாதாரண மணல்தான். குவார்ட்ஸ், ஃபெல்ட்ஸ்பார் என்ற கனிமங்களின் மணல்மணிகள் மண்ணுக்குள் மூடிக் கிடக்கும்போது, சுற்றியுள்ள இயற்கைக் கதிர்வீச்சு அவற்றுக்குள் எலக்ட்ரான்களைத் தட்டிவிடுகிறது, அவை படிகத்தின் குறைபாடுகளில் போய் மாட்டிக்கொள்கின்றன. வருஷம் கூடக் கூட மாட்டிக்கொண்டவையும் கூடும். வெயில் பட்டால் எல்லாம் விடுபட்டு, கணக்கு மறுபடி பூஜ்யத்திலிருந்து தொடங்கும். அதனால் ஆய்வாளர்கள் குழியின் சுவரில் வெளிச்சம் புகாத குழாயை அடித்து மண்ணை எடுத்து, சிவப்பு விளக்கு மட்டும் எரிகிற அறையில் பிரித்து, குறிப்பிட்ட ஒளியைப் பாய்ச்சுகிறார்கள். மணல் பதிலுக்கு மெல்லியதாக ஒளிரும். எவ்வளவு ஒளி என்பதை வைத்து, அது கடைசியாக வெயிலைப் பார்த்து எத்தனை காலம் ஆயிற்று என்று சொல்லிவிடலாம்.

திருவள்ளூர் மாவட்டம் அத்திரம்பாக்கத்தில், ராபர்ட் புரூஸ் ஃபூட் 1863ல் கற்கருவிகள் எடுத்த அதே இடத்தில், சாந்தி பப்பு, குமார் அகிலேஷ் குழுவினர் இந்த முறையில்தான் காலம் கணித்தார்கள். நடுப் பழங்கற்காலக் கருவி செய்யும் முறை அங்கே சுமார் 3,85,000 ஆண்டுகளுக்கு முன்பே தொடங்கிவிட்டது என்று 2018ல் வெளியிட்டார்கள். திண்டுக்கல் வாசகிக்கு நான் சொன்ன அந்த வெயில் விதி இங்கிருந்து எடுத்ததுதான்.

கே: நம் புராணங்களில் காலக்கல் உண்டா? (தஞ்சாவூர்)

ப: கல்லும் உண்டு, காலமும் உண்டு, இரண்டையும் சேர்த்து நான் படித்ததில்லை. சியமந்தக மணி தினம் பொன் கொடுக்கும், காலத்தில் கை வைக்காது. காலம் வளைகிற கதைக்குப் பாகவதத்தில் ககுத்மி ராஜா இருக்கிறார். மகள் ரேவதிக்கு யாரை மாப்பிள்ளை பார்க்கலாம் என்று பிரம்மாவிடம் கேட்கப் போகிறார். அங்கே பாட்டுக் கச்சேரி நடக்கிறது, முடியும்வரை காத்திருந்து கேட்டால் பிரம்மா சிரிக்கிறார்: நீ மனதில் வைத்திருந்த வரன்கள் எல்லாம் போய், பேரன் கொள்ளுப்பேரன் பேர்கூட இல்லை, பூமியில் 27 சதுர்யுகம் கழிந்துவிட்டது. கடைசியில் பலராமருக்குக் கட்டிக்கொடுக்கிறார். மாப்பிள்ளை தேடுவதில் தாமதம் கூடாது என்று பாட்டிமார் இந்தக் கதையைச் சொல்லாமல் விட்டது ஆச்சரியம்தான்.

கே: "கால சக்திப் படிகம்" என்று ஆன்லைனில் 4,999 ரூபாய்க்கு விற்கிறார்கள். பழைய தவறுகளின் பாதிப்பு நீங்குமாம். வாங்கலாமா? (வேலூர்)

ப: வாங்காமல் இருந்தால் ஒரு புதிய தவறின் பாதிப்பு நீங்கும்.

கே: என் கதையில் ஹீரோ கல்லின் உதவியால் கடந்தகாலம் போய்த் தாத்தாவின் கொலையைத் தடுக்கிறான். தாத்தா சாகவில்லை என்றால் அவன் கல்லைத் தேடியே போயிருக்க மாட்டானே? முடிச்சு அவிழவில்லை. (மதுரை)

ப: இந்த முடிச்சு கணித மேதைகளுக்கே இருக்கிறது, நீங்கள் கவலைப்படாதீர்கள். 1949ல் கர்ட் கோடல், ஐன்ஸ்டைனின் சமன்பாடுகளுக்கே பழைய காலத்துக்குத் திரும்பி வருகிற பாதைகள் உள்ள ஒரு தீர்வைக் கண்டுபிடித்தார். நடந்ததோடு முரண்படாத சம்பவங்கள் மட்டுமே அப்படிப்பட்ட பாதையில் நடக்க முடியும் என்று ரஷ்ய இயற்பியலாளர் நோவிகோவ் பின்னால் சொன்னார். அதன்படி உங்கள் ஹீரோ என்ன முயன்றாலும் தாத்தா சாவார், ஒருவேளை அந்த முயற்சியாலேயே சாவார். இல்லாவிட்டால் உலகம் இரண்டாகக் கிளைக்கும் என்று வைக்கலாம், எழுதுவதற்குச் சுலபம், ஆனால் அழுத்தம் போய்விடும், ஒரு கிளையில் தாத்தா எப்படியும் உயிரோடு இருக்கிறார் என்று வாசகர் நிம்மதியாகிவிடுவார். நான் முதலாவதைத்தான் எடுப்பேன். எதை எடுத்தாலும் கதையின் கால்வாசிக்குள் ஒரு சின்னச் சம்பவத்தில் காட்டிவிடுங்கள். டாக்டர் ஸ்ட்ரேஞ்ச் படத்தில் காலக்கல் முதன்முதலில் வேலை செய்வது கடித்து வைத்த ஒரு ஆப்பிளில்தான். கடித்த இடம் மூடிக்கொண்டு ஆப்பிள் முழுசாகும், இந்தப் பக்கம் திருப்பினால் அழுகும். அரை நிமிடக் காட்சி, விளக்கம் கேட்க ஆளில்லை.

கே: என் நாவலில் ஆறு நண்பர்கள் பூமிக்கு அடியில் ஒரு படிகக் குகையைக் கண்டுபிடிக்கிறார்கள். இரண்டு அத்தியாயங்கள் இணைத்துள்ளேன். நம்பும்படி இருக்கிறதா? (சென்னை)

ப: குகைக்கு வெளியே நடப்பது நன்றாக இருக்கிறது, அந்தக் கயிறு விற்கிற கிழவியை எனக்குப் பிடித்திருந்தது. உள்ளே போனதும் எல்லாம் ஏசி போட்ட நகைக்கடை மாதிரி ஆகிவிட்டது.

மெக்சிகோவில் நைக்கா என்று ஒரு சுரங்கம். அங்கே சுமார் 300 மீட்டர் ஆழத்தில் தொழிலாளர்கள் 2000ல் ஒரு குகைக்குள் போய்விட்டார்கள். உள்ளே 11 மீட்டர் நீளம் வரை படிகங்கள், தேக்குமரத்தை வெட்டிக் குறுக்கும் நெடுக்குமாகப் போட்டதுபோல். எல்லாம் ஜிப்சம், நகத்தால் கீறினால் கோடு விழும். அடியில் எரிமலைக் குழம்பின் சூடு, அதற்கு மேலே தாது நிறைந்த வெந்நீர், அதில் லட்சக்கணக்கான வருஷமாக அசங்காமல் வளர்ந்தவை. சுரங்கத்துக்காகத் தண்ணீரை இறைத்ததால்தான் குகையே கண்ணில் பட்டது, இறைப்பதை நிறுத்தியதும் மறுபடி மூழ்கிவிட்டது. உள்ளே 58 டிகிரி, காற்றில் ஈரப்பதம் நூறை நெருங்கும், வேர்வை காயவே காயாது. பனிக்கட்டி வைத்துத் தைத்த உடுப்பு இல்லாமல் பத்து நிமிடத்துக்கு மேல் நிற்பது ஆபத்து. அந்த உடுப்போடு போன ஆய்வாளர்களுக்கே அரை மணி, முக்கால் மணிதான்.

உங்கள் குகைக்கும் ஒரு சூடு, ஒரு வாசனை, காலுக்கடியில் வழுக்குகிற ஒரு இடம் வேண்டும். யார் தண்ணீரை இறைத்தார்கள், கல்லை யார் வெட்டுகிறார்கள், கூலி யார் கொடுக்கிறார்கள் என்றும் ஒரு வரி எழுதுங்கள். அப்புறம், கல்லைப் பார்த்ததும் உங்கள் ஹீரோ நட்பைப் பற்றி ஒன்றரைப் பக்கம் பேசுகிறார். அந்தச் சூட்டில் யாருக்கும் அவ்வளவு மூச்சு இருக்காது. வெட்டிவிட்டு, "எடு, போலாம்" என்று ஒருத்தர் சொல்வதோடு அத்தியாயத்தை முடியுங்கள்.